பாப்பா, சோம்பு எங்கே?

டக்.

சோபாவில் படுத்திருந்த சூப்பர்வைசர் ஒரு கண்ணை மட்டும் திறந்தார். வெளியே இப்போதுதான் இருட்டியிருந்தது. தெருவிளக்கு எரியலாமா வேண்டாமா என்று கண்ணைச் சிமிட்டி யோசித்துக்கொண்டிருந்தது.

டக். இந்த முறை கூடவே ஒரு சின்ன முனகல்.

சத்தம் சமையலறையிலிருந்து வந்தது. சமையலறையில் விளக்கு இல்லை. சூப்பர்வைசர் இரண்டாவது கண்ணையும் திறந்தார்.

சூப்பர்வைசர் என்பது அவர் பெயரல்ல, பிழைப்பு. ரோடு போடும் வேலைக்கு மேற்பார்வை. பகலெல்லாம் குடை பிடித்து நின்று, ‘அங்கே பள்ளம், இங்கே மேடு, ரோலரை இன்னொரு தடவை விடு’ என்று கை நீட்டிக் காட்டுவார். கை நீட்டுவாரே தவிர கை வைக்க மாட்டார். வீட்டிலும் அதே உத்தியோகம்தான். கல்யாணமான நாளிலிருந்து இந்த வீட்டில் சமையல், துவையல், பாத்திரம் என்று எல்லா வேலையையும் அவர் பார்த்திருக்கிறார். பார்த்திருக்கிறார், அவ்வளவுதான்.

டக்.

திருடனாக இருந்தால்? இருட்டில் கையை விட்டுத் துழாவி, அகப்பட்டதை ஆயுதமாக எடுத்துக்கொண்டார். அது பாப்பாவின் கிலுகிலுப்பை. அவர் பூனைபோல் அடி வைக்க வைக்க, அது ‘கிலுக், கிலுக்’ என்று அவருக்கு முன்னால் போய்க் கட்டியம் கூறியது. ஒருவழியாக சுவிட்சைக் கண்டுபிடித்துத் தட்டினார்.

அலமாரிக் கதவில் நெற்றியை முட்டுக்கொடுத்து, அவர் மனைவி நின்றுகொண்டே தூங்கிக்கொண்டிருந்தாள். தலை பின்னால் சரியும். திடுக்கிட்டு முன்னால் வரும். கதவில் இடிக்கும், டக். ஒரு முனகல். மறுபடி சரியும். இரண்டு கையாலும் சர்க்கரை டப்பாவை மார்போடு அணைத்திருந்தாள். அதன் முதுகில் தட்டிக்கொடுத்துக்கொண்டும் இருந்தாள்.

“ஏம்மா! என்ன இது?”

“உஷ்!” கண் திறக்கும் முன்னே வாய் திறந்தது. “இப்பத்தான் தூங்கினா. எழுப்பிடாதீங்க.”

“அது சர்க்கரை டப்பா.”

அவள் குனிந்து பார்த்தாள். “ஓ” என்றாள். ஆனாலும் அதை மெதுவாகத்தான் கீழே வைத்தாள்.

“பாப்பா உள்ளே தூங்கறா. நீ இங்க எதுக்கு நிக்கிற?”

“மால்புவா பண்ணலாம்னு வந்தேன்.”

“என்னது?”

“மால்புவா.”

“மால்ல விக்கிற பூவாவா?”

“வடக்கத்திப் பலகாரங்க. கான்வென்ட்ல என் பக்கத்து பெஞ்சுக்காரி டிபன் பாக்ஸ்ல கொண்டு வருவா. மாவை வட்டமா நெய்யில ஊத்தி, ஓரம் மொறுமொறுன்னு, நடுவுல மெத்துன்னு பொரிச்சு, பாகுல முக்கி எடுப்பாங்க. சிஸ்டர் போர்டுப் பக்கம் திரும்பினதும் டெஸ்க்குக்கு அடியில குனிஞ்சு ஒரு வாய். அப்புறம் நாள் முழுக்க நோட்டுப் பக்கமெல்லாம் ஒட்டிக்கும். பாப்பா வயித்துல இருக்கிறப்ப உங்ககிட்ட ஆசையா கேட்டேன். என்ன வாங்கிட்டு வந்தீங்க?”

சூப்பர்வைசர் கிலுகிலுப்பையைப் பார்த்தார். “பன்னு.”

“பன்னு!”

“அதுவும் வட்டம்தானேம்மா.”

“சரி, போகுது. தூக்கம்தான் இல்லை, தித்திப்பாவது இருக்கட்டுமேன்னு வந்தேன். அதுக்குள்ள...” அவள் நெற்றியைத் தடவிக்கொண்டாள். நடுவில் சிவந்து ஒரு பொட்டு விழுந்திருந்தது. “ஒரே ஒரு ராத்திரிங்க. இன்னிக்கு ஒரு ராத்திரி பாப்பாவை நீங்க ஹால்ல வச்சுக்குங்க. நான் உள்ளே போய் அடிச்சுப் போட்ட மாதிரி தூங்கி எழுந்துடறேன்.”

இந்த மனு புதிதல்ல. பாப்பா பிறந்த மறுவாரமே தாக்கலாகி, ஒன்பது மாதமாக நிலுவையில் இருப்பது. வெயில் காலத்தில் அவர், “வெயில்ல நிக்கிறவன்மா நான்” என்பார். மழைக் காலத்தில், “மழையில நிக்கிறவன்மா.” வெயிலும் மழையும் இல்லாத நாளில் சும்மா நிற்பதே எவ்வளவு கஷ்டம் தெரியுமா என்பார். இப்படி நின்று நின்று களைத்தவர் என்பதால் ராத்திரி ஹால் சோபாவில் அவர் தனியாகப் படுப்பது என்று வழக்கமாகிவிட்டது.

“பாப்பாதான் நடுவுல தூங்கறாளே. அப்ப நீயும் தூங்க வேண்டியதுதானே?”

“எப்படி? அவ அழுதா, அழறாளேன்னு முழிச்சுக்கிறேன். அழலைன்னா, ஏன் அழலைன்னு முழிச்சுக்கிறேன். மூக்குக்குக் கீழே விரலை வச்சு மூச்சு வருதா, மூச்சு வருதான்னு பார்த்துக்கிட்டே விடிஞ்சிடுது.”

இந்த இடத்தில் அவர் ‘சரி’ என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் இந்தக் கதையே இல்லை. ஆனால் விதி, அவர் நாக்கில் ரோலர் மாதிரி உருண்டுகொண்டு வந்தது.

“அதுக்காக ஒரு பலகாரம் பண்றதுக்கு நின்னுக்கிட்டேவா தூங்குவாங்க? மாவைக் கரைக்கணும், ஊத்தணும், திருப்பணும், எடுக்கணும். ரோடு போடுறதைவிடவா கஷ்டம்?”

அவள் தூக்கம் அதோடு போயிற்று. “அப்ப நீங்க பண்ணுங்களேன்.”

“பண்ணிட்டா?”

“நீங்க பண்ற அழகுதான் தெரியுமே. ‘ஏம்மா, கரண்டி எங்க? ஏம்மா, உப்பு எங்க? ஏம்மா, அடுப்பு எங்க?’ உங்க சமையல்ல உப்பைவிட ‘ஏம்மா’தான் தூக்கலா இருக்கும்.”

ரோஷம் என்பது சூப்பர்வைசருக்கு அடிக்கடி வராது. வந்தால் போகாது. கிலுகிலுப்பையை உயர்த்திப் பிடித்து, செங்கோல் பிடித்த அரசன்போல் பிரகடனம் செய்தார்.

“உன்னை ஒரு தடவைகூடக் கூப்பிடாம நான் மால்புவா பண்றேன். பந்தயம்! ஒரே ஒரு தடவை உன்னைக் கூப்பிட்டாலும் தோத்தேன். இன்னிக்கு ராத்திரி முழுக்க பாப்பா என்கிட்ட.”

“கூப்பிடாம பண்ணிட்டா?”

“இந்த ‘ஒரே ஒரு ராத்திரி’ங்கிற பேச்சை இனிமே நீ எடுக்கவே கூடாது. பாப்பா காலேஜ் போற வரைக்கும்.”

அவள் யோசித்தாள். தூக்கம் கெட்டவள் யோசிப்பது சேற்றில் வண்டி தள்ளுவது மாதிரி. தள்ளி முடித்து, “சரி, நான் கேட்கவே மாட்டேன்” என்று சொல்லிவிட்டு உள்ளே போய் பாப்பாவின் பக்கத்தில் சாய்ந்துகொண்டாள்.

சூப்பர்வைசர் சட்டைக் கையைச் சுருட்டிக்கொண்டார். தலையில் ஒரு துண்டைக் கட்டிக்கொண்டார். அடுப்புக்கு முன்னால் கால் அகட்டி நின்றார். அதற்கு மேல் என்ன செய்வது என்று தெரியவில்லை. வேலை நடக்குமிடத்தில் இந்தக் கட்டத்தில் மற்றவர்கள் வேலையை ஆரம்பிப்பார்கள்.

அவர் பிரிவில் ரோலர் ஓட்டுகிறவர் வடக்கத்திக்காரர். போனைப் போட்டார்.

“ரோலர்காரரே, உங்க பக்கம் மால்புவான்னு ஒண்ணு...”

“ஆமா சார்! எங்க வீட்ல அடிக்கடி.”

“எப்படிப் பண்ணணும்?”

“தட்டுல வரும் சார். எடுத்துச் சாப்பிடணும்.”

“யோவ், அதுக்கு முன்னாடி!”

“அதுக்கு முன்னாடி நடக்கிறது எனக்குத் தெரியாதே சார். ஒரு நிமிஷம்.” போனுக்கு அந்தப் பக்கம் அவர் தன் மனைவியைக் கூப்பிட்டார். தயக்கமில்லாமல், தாராளமாக, வாய் நிறையக் கூப்பிட்டார். சூப்பர்வைசருக்குப் பொறாமையாக இருந்தது.

உள்ளேயிருந்து ஒரு பெண்குரல் சொல்லச் சொல்ல, ரோலர்காரர் ஒலிபரப்பினார். மைதா ஒரு கப், ரவை கால் கப், காய்ச்சி ஆறின பால், மசித்த வாழைப்பழம் ஒன்று, சோம்பு, ஏலக்காய். கட்டியில்லாமல் கரைத்து ஊறவைக்க வேண்டும். “அப்புறம் பாகு சார். ஏக் தார் இருக்கணுமாம். தார் வந்ததும் இறக்கிடணும். அதுதான் ரொம்ப முக்கியம்னு சொல்றாங்க.”

“தாரா?”

“தார்தான் சார்.”

சூப்பர்வைசரின் மார்பு விரிந்தது. “தார் விஷயம் எனக்கா சொல்லித் தரணும்? போனை வைங்க.”

முதலில் மைதா. அலமாரியைத் திறந்தார். அந்த அலமாரியில் ‘காபி’ என்று எழுதிய டப்பாவில் பயறு இருந்தது. ‘பயறு’ டப்பாவில் சட்டைப் பொத்தான்கள். ‘பிஸ்கட்’ டப்பாவை ஆசையாகத் திறந்தார், காய்ந்த மிளகாய். மேலே எழுதியிருப்பதை நம்புகிறவன் அந்தச் சமையலறையில் பட்டினிதான் கிடக்க வேண்டும். பொறுமை போய், பழக்கதோஷத்தில் வாய் தானாகத் திறந்தது.

“ஏம்...”

சட்டென்று நாக்கைக் கடித்துக்கொண்டு அதை இருமலாக மாற்றினார்.

“என்னங்க, கூப்பிட்டீங்களா?” படுக்கையறையிலிருந்து தேன் ஒழுகும் குரல்.

“இருமல்!”

“மருந்து வேணுமா?”

“வேண்டாம்! நல்ல இருமல்தான்!”

அப்போதுதான் அவர் மூளையில் விளக்கு எரிந்தது, தெருவிளக்கைவிடப் பிரகாசமாக. கூப்பிடக் கூடாதது யாரை? அவளை. அவளை மட்டும்தானே! அந்த வீட்டில் இன்னொரு ஜீவனும் இருக்கிறதே!

“பாப்பா! கண்ணு பாப்பா! மைதா எங்கடா இருக்கு?”

கட்டில் கிறீச்சிட்டது. ‘ங்ஙா’ என்று ஒரு முனகல். அதற்குப் பின்னால் அவள் குரல்.

“அப்பா உன்னைத்தான்டா கூப்பிடறாங்க, கண்ணு. எழுந்துட்டியா? ‘நூல், ஊசி’ன்னு எழுதின டப்பாவுல மைதா இருக்குன்னு அப்பாகிட்ட சொல்லு.”

குரலில் ஒரு சிரிப்பு ஒளிந்திருந்தது. தோற்றுக்கொண்டிருப்பவளின் அசட்டுச் சிரிப்பு என்று சூப்பர்வைசர் முடிவு செய்தார். இப்படி ஓர் ஓட்டையை விட்டுவிட்டாளே என்று அவளுக்காகக் கொஞ்சம் வருத்தப்படவும் செய்தார். அதன் பிறகு அவர் வேலை அதிவேக நெடுஞ்சாலையில் ஓடியது.

“பாப்பா, சல்லடை எங்க செல்லம்?”

“அப்பா தலைக்கு நேர் மேலே ஆணியில தொங்குதுன்னு சொல்லுடா.”

“எங்க... ஆ!”

“இப்பக் கண்டுபிடிச்சிருப்பாங்க.”

“பாப்பா, சோம்பு எங்கே?”

“சோம்பு அடுப்புக்குப் பக்கத்துல வட்ட டப்பாவுலடா கண்ணு. சோம்பல்தான் தினம் சோபாவுல.”

“பாப்பா, இங்க ரெண்டு ஒரே மாதிரி இருக்கே. எது சோம்பு, எது சீரகம்?”

“குண்டா, வெளிறி, ஒரு வேலைக்கும் அவசரப்படாம கிடக்கும் பாரு, அது சோம்பு. அப்பா மாதிரி. ஒல்லியா, கறுத்து, காய்ஞ்சு போயிருக்கிறது சீரகம். அம்மா மாதிரி.”

“அம்மா சீரகம் இல்லைடா பாப்பா, கடுகு! கடுகுதான் இப்படிப் பொரியும்!”

பாப்பா கைகொட்டிச் சிரிக்கும் சத்தம் கேட்டது. அப்பாவின் குரல் ஒவ்வொரு முறை வரும்போதும் அவளுக்குக் கொண்டாட்டம். பகலில் அவர் வீட்டில் இருப்பதில்லை. இருக்கும்போது அவர் அவளைக் கூப்பிட்டதில்லை. இன்றைக்குத்தான் இவ்வளவு அழைப்பு.

மாவு கரைந்தது. கட்டிகளும் கரைந்தன, பெரும்பாலும். இனி பாகு. சர்க்கரையையும் தண்ணீரையும் அடுப்பில் ஏற்றி, சூப்பர்வைசர் கைகட்டி நின்றார். நல்ல தார் எப்படி இருக்கும் என்று அவருக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை. பாகு பொன்னிறமானது. ‘இன்னும் வரணும்’ என்றார். பழுப்பானது. ‘வரட்டும்.’ கறுத்து மினுமினுத்தது. மேலே நீலப் புகை எழுந்து நாசியில் ஏறியது. ‘ஆகா, இதுதான்!’ என்று கரண்டியை நட்டுப் பார்த்தார். கரண்டி கொடிக்கம்பம்போல் நின்றது. சரி, எடுக்கலாம் என்று கரண்டியைத் தூக்கினார். கரண்டியோடு பாத்திரமும் வந்தது.

வாசலில் தடதடவென்று தட்டல். மாடிவீட்டு அக்கா, முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டு நின்றார்.

“என்ன தம்பி, வீட்டுக்குள்ளேயே ரோடு போடறியா?”

“மால்புவா, அக்கா.”

“மால் ரோடா?”

“பலகாரம்கா!”

“ஓகோ. அவ எங்க? கூப்பிடு.”

“ஐயோ, கூப்பிட முடியாதுக்கா!”

“ஏன், சண்டையா?”

“பந்தயம்.”

அக்கா அவரை மேலும் கீழும் பார்த்தார். தலைத்துண்டு, மூக்கில் மாவு, கையில் கரண்டி, கரண்டியோடு பாத்திரம். “பாவம்” என்றார்.

“அவளா?”

“நீதான் தம்பி” என்று சொல்லிவிட்டு அக்கா படியேறினார்.

சூப்பர்வைசர் மறுபடி போனைப் போட்டார். “யோவ் ரோலர்காரரே, உங்க வீட்ல தாரை எப்படிய்யா திங்கறீங்க?”

விஷயம் புரிந்ததும் ரோலர்காரர் சிரிக்க ஆரம்பித்தார். அவர் சிரிப்பு அவர் மனைவிக்குத் தொற்றி, பக்கத்தில் இருந்த யார் யாருக்கோ பரவியது. “சார், சார்... அது ரோட்டுத் தார் இல்ல சார்! எங்க பேச்சுல தார்னா கம்பி! ரெண்டு விரலால தொட்டு இழுத்தா ஒரு கம்பி வரணும்!”

சூப்பர்வைசருக்குக் கம்பியும் தெரியும். “எத்தனை எம்.எம்.?”

“முடி மாதிரி சார்!”

“சரி சரி. நாளைக்கு வேலையில யார்கிட்டயும் சொல்லிடாதீங்க.”

“சொல்ல மாட்டேன் சார்” என்று ரோலர்காரர் சொல்லும்போதே, பின்னால் யாரோ ‘எத்தனை எம்.எம்.?’ என்று கேட்டு உருண்டு புரள்வது கேட்டது.

வேறொருவராக இருந்தால் இந்த இடத்தில் கம்பி நீட்டியிருப்பார். சூப்பர்வைசர் நீட்டவில்லை. ரோடு சரியில்லையென்றால் பெயர்த்துவிட்டு மறுபடி போடுவதுதான் முறை. பாத்திரத்தைத் தண்ணீரில் ஊறப் போட்டார். புதுப் பாத்திரம், புதுச் சர்க்கரை, அதே உறுதி. பாகு கொதித்ததும், சொன்னபடி விரலால் தொட்டு இழுத்தார்.

“அம்மா!”

“என்னங்க, கூப்பிட்டீங்களா?”

“எங்க அம்மாவைக் கூப்பிட்டேன்!” விரலை வாயில் வைத்துக்கொண்டு கத்தினார். வாய் இனித்தது. மறுபடி தொட்டு இழுத்தார். விரல்களுக்கு நடுவே ஒரு கம்பி, மெல்லிசாக, முடிபோல, விளக்கு வெளிச்சத்தில் மின்னியது. எவ்வளவோ மைல் ரோடு போட்டவருக்கு அந்த ஒரு விரற்கடைக் கம்பி தந்த பூரிப்பு எந்த ரோடும் தந்ததில்லை.

நெய் காய்ந்தது. ஒரு கரண்டி மாவை ஊற்றினார். முதல் மால்புவா அவர் போட்ட ரோடு மாதிரியே வந்தது: நடுவில் பள்ளம், ஓரத்தில் மேடு. இரண்டாவது, திருப்பும்போது கைக்குட்டையாக மடிந்தது. மூன்றாவது வட்டமாகத்தான் இருந்தது. ஆனால் பாதி வட்டம் அடியில் தங்கிவிட்டது. நாலாவதில் ஓரம் சிவந்துவிட்டது, நடுவில் இன்னும் பச்சை மாவு தளும்பிக்கொண்டிருந்தது.

“பாப்பா! ஓரம் கருகுது, நடுவுல வேகலை. என்னடா பண்றது?”

பதிலில்லை.

“பாப்பா?”

சத்தமே இல்லை. ஒரு சிணுங்கல்கூட இல்லை. நெய் மட்டும் சொய்ங் என்றது. ‘அழலைன்னா, ஏன் அழலைன்னு’ என்று அவள் சொன்னது எங்கிருந்தோ வந்து அவர் முதுகில் ஜில்லென்று உட்கார்ந்தது. அடுப்பை அப்படியே விட்டுவிட்டு, கரண்டியும் கையுமாக ஓடிப் போய்ப் படுக்கையறையை எட்டிப் பார்த்தார்.

அவள் ஒருக்களித்தபடியே தூங்கிப்போயிருந்தாள். வாய் லேசாகத் திறந்திருந்தது. கையை நீட்டி, ஒரு விரலைப் பாப்பாவின் மூக்குக்குக் கீழே வைத்திருந்தாள். ஆள் தூங்கினாலும் அந்த விரல் மட்டும் டியூட்டியில் இருந்தது. பாப்பா கொட்டக் கொட்ட விழித்துக்கொண்டு, அந்த விரலை இரண்டு கையாலும் பிடித்து, முளைத்த ஒற்றைப் பல்லால் கடித்துக்கொண்டிருந்தாள். அந்தக் கடிகூட அம்மாவை எழுப்பவில்லை. விரல் நகரவும் இல்லை.

சூப்பர்வைசர் நிலைப்படியில் கொஞ்சம் நின்றார். பாப்பாவைத் தூக்கிக்கொண்டு சத்தமில்லாமல் ஹாலுக்குப் போய்விடலாமா என்று ஒரு நினைப்பு வந்தது. நல்ல நினைப்புதான். ஆனால் அடுப்பில் நெய் இருந்தது. பாத்திரத்தில் இன்னும் மாவு இருந்தது. வெற்றி இரண்டே கரண்டி தூரத்தில் இருந்தது. ஜெயித்துவிட்டு வந்து இரக்கப்படலாம் என்று அந்த நல்ல நினைப்பை ஒத்திவைத்துவிட்டு அடுப்படிக்குத் திரும்பினார். திரும்பியவர், தொண்டையைச் சரிசெய்துகொண்டு, முன்னைவிடச் சத்தமாகக் கூப்பிட்டார்.

“பாப்பா!”

உள்ளே அவள் தூக்கிவாரிப்போட்டு எழுந்தது கட்டில் சத்தத்தில் தெரிந்தது. “ஆங்... என்ன, என்ன ஆச்சு... மூச்சு...” பாப்பா ‘ங்ஙா’ என்று சிரித்தாள். “தீயைக் குறைச்சு, சின்னக் கரண்டியில ஊத்தச் சொல்லுடா. நெய்யை அள்ளி நடுவுல விடச் சொல்லு.”

அந்தக் குரலில் இப்போது சிரிப்பு இல்லை. சூப்பர்வைசர் அதைக் கவனிக்கவில்லை. அவர் தீயைக் குறைப்பதில் இருந்தார்.

“அப்பா எத்தனை தடவை கூப்பிட்டாலும் பதில் சொல்லணும்டா கண்ணு” என்று அவள் பாப்பாவிடம் நிதானமாகச் சொல்லிக்கொண்டிருந்தாள். “தூங்கக் கூடாது. அப்பா உன்னை நம்பித்தானே இருக்காங்க? உட்காரு. நல்லா நிமிர்ந்து உட்காரு.”

அடுத்த மால்புவா வட்டமாக விழுந்தது. ஓரமெல்லாம் லேஸ் பின்னினதுபோல் சின்னச் சின்ன ஓட்டை விட்டு மொறுமொறுத்தது. நடுவில் உப்பி, தேன்நிறத்தில் சிரித்தது. அதை அள்ளிப் பாகில் இறக்கினார். அது ஒரு பெருமூச்சு விட்டுப் பாகைக் குடித்தது. அடுத்ததும் அப்படியே. அதற்கடுத்தது அதைவிட அழகு. சூப்பர்வைசர் வாழ்க்கையில் முதல்முறையாகத் தன் கையால் செய்த ஒன்றைத் தானே மேற்பார்வை பார்த்தார். குறை சொல்ல ஒன்றுமில்லை. அவருக்கே கொஞ்சம் ஏமாற்றமாகக்கூட இருந்தது.

தட்டில் அடுக்கி, தலைத்துண்டைச் சரிசெய்துகொண்டு, வெற்றி ஊர்வலமாகப் படுக்கையறைக்குப் போனார். அவள் கட்டிலில் உட்கார்ந்திருந்தாள். பாப்பா அவள் மடியில், கண்ணில் பொட்டுத் தூக்கமில்லாமல், வாசலையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவரைக் கண்டதும் இரண்டு கையையும் விரித்துக் குதித்தாள்.

“சாப்பிடு” என்றார்.

அவள் ஒரு மால்புவாவை விண்டு வாயில் வைத்தாள். கண்ணை மூடிக்கொண்டாள். கொஞ்ச நேரம் அசையவில்லை. இதிலும் தூங்கிவிட்டாளோ என்று அவர் குனிந்து பார்த்தார். மூடிய கண்ணோரம் ஈரமாக இருந்தது.

“நல்லா இருக்கா?”

“டெஸ்க்குக்கு அடியில குனிஞ்சு சாப்பிட்ட மாதிரியே இருக்குங்க.”

அவருக்குத் தலைகால் புரியவில்லை. ஒத்திவைத்த இரக்கத்தை எடுக்கலாம் என்று நினைத்தார். ஆனால் அதற்கு முன்னால் தீர்ப்பை வாங்கிவிட வேண்டாமா?

“அப்ப நான் ஜெயிச்சேனா?”

“ஜெயிச்சீங்க.”

“உன்னை ஒரு தடவையாவது கூப்பிட்டேனா?”

“கூப்பிடவே இல்லைங்க.”

இவ்வளவு சுலபமாக அவள் ஒத்துக்கொள்வாள் என்று அவர் எதிர்பார்க்கவில்லை. தயாரித்து வைத்திருந்த வாதமெல்லாம் பாகில்லாத பலகாரமாகப் போயிற்று. “என்ன, சும்மா ஒத்துக்கிற? பாப்பா பேரைச் சொல்லி என்னைத்தானே கூப்பிட்டீங்கன்னு நீ சண்டைக்கு வருவேன்னு நினைச்சேன்.”

“அப்படியா? என்னையா கூப்பிட்டீங்க?”

“சேச்சே! பாப்பாவைத்தான்.”

“நிச்சயமாவா?”

“மாடி அக்காவைச் சாட்சிக்கு வச்சு எழுதித் தரட்டுமா? ஒவ்வொரு தடவையும் பாப்பாவைத்தான் கூப்பிட்டேன்.”

“ஒவ்வொரு தடவையும்?”

“ஒவ்வொரு தடவையும்!” என்று அவர் நெஞ்சில் தட்டிக்கொண்டார்.

அவள் விரல்களை ஒவ்வொன்றாக நக்கி முடித்தாள். எழுந்தாள். பாப்பாவைத் தூக்கினாள்.

“‘ஒரே ஒரு ராத்திரி’ன்னு நான் கேட்கலைங்க. அந்தப் பேச்சையே எடுக்கலை. பந்தயம்னா பந்தயம். ஆனா பெத்த அப்பா இப்படித் தொண்டை கிழியக் கூப்பிடறப்ப, பிள்ளை போகாம இருந்தா நல்லாவா இருக்கும்? நான் வளர்த்த லட்சணத்தைத்தானே நாலு பேர் குறை சொல்வாங்க?” பாப்பாவை அவர் இடது தோளில் சாய்த்தாள். அவர் வலது கையிலிருந்த தட்டை வாங்கிக்கொண்டாள். “இந்தாங்க. கூப்பிட்டீங்க, வந்துட்டா.”

அவர் வாயைத் திறந்ததும், பாப்பா அதற்குள் விரலை விட்டாள். மனைவி தட்டால் லேசாகத் தள்ளத் தள்ள, அவர் பின்னோக்கியே நடந்து, தன்னை அறியாமல் நிலைப்படியைத் தாண்டி ஹாலுக்கு வந்திருந்தார். கதவு மூடிக்கொண்டு வந்தது.

“ஏம்மா! ஏம்மா! இவளுக்குப் பால் எங்க? மாத்துத் துணி எங்க?”

“பாப்பாவைக் கேளுங்க” என்றாள் அவள் கதவிடுக்கில். “இந்த வீட்டுல எது எங்க இருக்குன்னு அவளுக்குத்தான் தெரியும்.”

உள்ளே தாழ்ப்பாள் விழுந்தது.